சலவைத் துணி கட்டி வந்த நாள்

1. பசிக்கு வைத்த பரீட்சை

சப் ஓவர்சீயர் பரீட்சை பாஸ் செய்துவிட்டு நான் முதன்முதலாக வேலைக்குப் போய்ச் சேர்ந்தது ஆம்பூரில். பாலம் கட்டுவேன், ஏரிக்கு மதகு வைப்பேன் என்றெல்லாம் மனக்கோட்டை கட்டிக்கொண்டு அரக்கோணத்தில் ரயில் ஏறினேன். எனக்குக் கிடைத்தது ஒரு ரோடு. அது யாருக்கும் தேவைப்பட்ட ரோடு அல்ல. ஊருக்கு வெளியே தொடங்கி, மலையடிவாரம் வரைக்கும் போய், அங்கே ஒரு பாறையில் முட்டிக்கொண்டு நிற்க வேண்டியது. இது எந்த ஊருக்குப் போகிற ரோடு என்று அசிஸ்டெண்ட் இன்ஜினீயரைக் கேட்டேன். அவர் சிரித்தார்.

"ஊருக்குப் போற ரோடு இல்லய்யா. இது டெஸ்ட் ஒர்க்."

இந்தக் காலத்து இளம் இன்ஜினீயர்களுக்கு டெஸ்ட் என்றால் மண்ணையும் சிமெண்டையும் சோதிப்பது. நாங்கள் அந்த ரோட்டில் சோதித்தது மனிதர்களின் பசியை. சீமையில் வியாபாரம் படுத்துவிட்டது. இங்கிருந்து கப்பலில் போன தோலை வாங்க ஆளில்லை. தோல் பதனிடும் இடத்தை அந்தப் பக்கத்தில் ஷாப்பு என்பார்கள். ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் ஷாப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக மூடிக்கொண்டன. போதாக்குறைக்கு மழையும் இல்லை. பாலாற்றில் மணல்தான் ஓடியது. ஷாப்பு இல்லையென்றால் வயல் வேலை, வயல் இல்லையென்றால் ஷாப்பு என்று வாழ்ந்த ஜனங்களுக்கு இரண்டு கதவும் ஒரே நேரத்தில் சாத்திக்கொண்டது.

அரசாங்கம் பணம் செலவழித்து வேலை கொடுக்க வேண்டிய நேரம். கொடுக்கவும் தயார்தான். ஆனால் கொடுப்பதற்கு முன்னால் ஜனங்கள் உண்மையிலேயே பட்டினி கிடக்கிறார்களா, அல்லது சும்மா கூலி வாங்க வருகிறார்களா என்று தெரிந்துகொள்ள வேண்டும். அதற்கு ஒரு வழி வைத்திருந்தார்கள். கடினமான வேலை ஒன்றைத் திறப்பது. உயிர் தங்குகிற அளவுக்கு மட்டும் கூலி வைப்பது. அதற்கும் ஆள் வந்து, வந்தவர்கள் பட்டினிக்காரர்கள்தான் என்று அதிகாரியும் பார்த்து எழுதிவிட்டால் பசி உண்மை. வேலையைப் பெரிதாக்கலாம், கிராமம் கிராமமாகத் திறக்கலாம். இல்லையென்றால் பசி பொய். மூட்டை கட்டிக்கொண்டு போகலாம். இதைக் கண்டுபிடித்த புண்ணியவான் ஒரு வேளையாவது சாப்பாட்டைத் தவறவிட்டிருப்பானா என்று நான் பலமுறை யோசித்ததுண்டு.

2. சுண்ணாம்பு தின்ற கைகள்

வேலைக்கு வந்தவர்களில் பாதிப்பேர் ஷாப்புக்காரர்கள். முதல் நாள் மஸ்டர் ரோல் பிடித்துக்கொண்டு பெயர் எழுத உட்கார்ந்தபோது ஒரு வாடை மூக்கில் ஏறியது. ஊறிய தோலும் சுண்ணாம்பும் ஆவாரம்பட்டையும் கலந்த வாடை. ஷாப்பு மூடி மாதங்கள் ஆகியும் அது அவர்கள் உடம்பை விட்டுப் போகவில்லை. நான் மூக்கைப் பொத்தவில்லை. ஆனால் மூச்சைப் பிடித்துக்கொண்டு எழுதியது அவர்களுக்குத் தெரிந்துவிட்டது. வரிசையில் நின்றவர்கள் தாங்களாகவே ஓரடி பின்னால் போய் நின்று பெயரைச் சொன்னார்கள். அது அவர்களுக்குப் பழக்கம்.

அந்த வரிசையில் இருந்தவன் ஏசுரத்தினம். ஷாப்பில் சுண்ணாம்புக் குழியில் இறங்கித் தோலைப் புரட்டிப் போடுகிறவன். முடி உதிர்வதற்காகத் தோலைச் சுண்ணாம்புத் தண்ணீரில் ஊறப்போடுவார்கள். அந்தத் தண்ணீர் மாட்டுமுடிக்கும் மனிதத்தோலுக்கும் வித்தியாசம் பார்ப்பதில்லை. அவன் உள்ளங்கையில் ஆங்காங்கே சின்னச் சின்னக் குழிகள். விரல் இடுக்கெல்லாம் வெந்து ஆறி, மறுபடி வெந்த சதை. கடப்பாரையை வாங்கி இரண்டு குத்து குத்தினான். பிடியெல்லாம் ரத்தம்.

அவன் மனைவி ரோசம்மா கடப்பாரையைப் பிடுங்கிக்கொண்டாள். "நீ கூடைய தூக்கு, நா வெட்டறேன்" என்றாள். அன்றிலிருந்து அவள் மண் வெட்டினாள், அவன் சுமந்தான். ஆம்பளை வெட்டுவது பொம்பளை சுமப்பது என்பதுதான் எல்லா கேங்கிலும் வழக்கம். மற்றவர்கள் கேலி செய்தார்கள்.

"இன்னா ரோசம்மா, உங்க வூட்ல மீச யாருக்கு?"

"யாருக்கு இருந்தா இன்னா? டாஸ்க்கு முடியுதா இல்லியா, அத பாரு" என்பாள்.

டாஸ்க் என்பது ஒரு நாளில் ஒரு கேங் வெட்டிப் போட வேண்டிய மண்ணின் அளவு. குறைந்தால் கூலியில் பிடிப்பார்கள். ரோசம்மா இருந்த கேங்கில் குறைந்ததே இல்லை. சாயங்காலம் நான் செயின் பிடித்து அளந்து முடிக்கிற வரைக்கும் கூடவே நிற்பாள். அளந்ததும் ஒரே கேள்விதான்.

"வேல நின்னுடாதில்ல ஐயா?"

"எனக்கு எப்படிம்மா தெரியும்? மேலே இருக்கறவங்க சொல்லணும்."

"ஷாப்பு தொறக்கற மட்டும் ஓடுனா போதும். அப்பறம் நாங்க யாரயும் கேக்க மாட்டோம்."

அவள் பயத்துக்குக் காரணம் ஆம்பூர் ஸ்டேஷன் வாசலில் குடை பிடித்து உட்கார்ந்திருந்தது. மலைத்தோட்டத்துக்கு ஆள் பிடிக்கிற கங்காணி. நல்ல வார்த்தை பேசுவான், வெற்றிலை கொடுப்பான். ரோசம்மாவின் அக்கா பாக்கியமும் அவள் புருஷனும் அவனோடு ரயில் ஏறிப் போனவர்கள். குளிர்காய்ச்சலில் இருவருமே அங்கே மண்ணுக்குள் போய்விட்டதாகத் திரும்பி வந்தவன் ஒருவன் சொன்னான். வேலை நின்றால் தங்களுக்கும் அந்த ரயில்தான் என்று ரோசம்மாவுக்குத் தெரியும். வேலைக்களத்தில் பிள்ளைகளுக்கென்று போட்ட கொட்டகையில் கஞ்சி குடித்துக்கொண்டிருந்த அவளுடைய இரண்டு பெண்பிள்ளைகளுக்கும் அதுவே கதி.

3. கரண்டியைத் தணிக்கை செய்தவர்கள்

வேலை தொடங்கியதும் அதைப் பார்வையிடுகிறவர்கள் வரத் தொடங்கினார்கள். வெட்டுகிறவர்களைவிடப் பார்க்க வருகிறவர்கள் ஜாஸ்தியோ என்று எனக்குச் சில நாள் சந்தேகம் வந்துவிடும். ரெவின்யூ இன்ஸ்பெக்டர் வருவார், தாசில்தார் வருவார், ஆடிட் குமாஸ்தா வருவார். ஒவ்வொருவருக்கும் ஒரு நாற்காலி போட வேண்டும். நிழலுக்குக் குடை பிடிக்க ஓர் ஆளை நிறுத்த வேண்டும். அந்த ஆளின் கூலியை எந்தத் தலைப்பில் எழுதினாய் என்று அவர்களே கேட்பார்கள்.

ஆடிட் குமாஸ்தா ஒருநாள் கஞ்சிக் கொட்டகைக்குள் புகுந்து கரண்டியைக் கையில் எடுத்தார். உத்தரவில் சொன்ன கரண்டியைவிட இது பெரிது என்றார். கடைத்தெருவில் கிடைத்த கரண்டி இதுதான் என்றேன்.

"அது எனக்குத் தெரியாது. இந்தக் கரண்டியால ஊத்தினா ஒவ்வொரு பிள்ளைக்கும் கொஞ்சம் ஜாஸ்தி போவுது. சர்க்கார் பணம் ஐயா இது!"

கஞ்சி ஊற்றுகிற கிழவர் அன்றிலிருந்து கரண்டியை முழுக்க நிரப்பாமல் மொண்டு ஊற்றினார். பிள்ளைகள் கரண்டியையே பார்த்துக்கொண்டு நின்றன. சர்க்கார் பணம் காப்பாற்றப்பட்டது.

தணிக்கையே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. காண்ட்ராக்டர்கள் அடித்த கொள்ளையை நானும் பார்த்தவன்தான். செத்தவன் பெயரை எழுதிக் கூலி வாங்கியவர்கள் இருந்தார்கள். அதனால்தான் பெரிய அதிகாரி ஒருவரை நிவாரண வேலைகளைப் பார்வையிடுவதற்கென்றே நியமித்தார்கள் என்று கேள்விப்பட்டபோது எனக்கு உள்ளபடியே சந்தோஷம். நம்மவர்தான், துரை இல்லை. எந்த ஊர் போனாலும் குடிக்கத் தண்ணீரைக்கூடத் தானே கூஜாவில் கொண்டுபோகிறவர், ஒருவர் வீட்டு எலுமிச்சம்பழத்தைக்கூடத் தொடாதவர் என்று பேர். பொய்ப்பெயர் எழுதிய காண்ட்ராக்டர் ஒருவரை ஜெயிலுக்கே அனுப்பியிருந்தார். அப்படிப்பட்டவர் வந்து இந்த ஜனங்களைக் கண்ணால் பார்த்துவிட்டால் போதும், ரோடு பாறையைத் தாண்டித் திருப்பத்தூர் வரைக்கும் போகும் என்று நம்பினேன். எனக்கு அப்போது வயது கம்மி.

4. பெரிய அதிகாரி

அவர் வருகிற தேதி முறைப்படி முன்கூட்டியே வந்தது. தண்டோரா போடாத குறையாக எல்லோருக்கும் தெரிந்தது. அன்று காலையில் நான் வேலைக்களத்துக்குப் போகவில்லை. ஊரில் டிராவலர்ஸ் பங்களாவுக்குப் போய் அவரை அழைத்துவர வேண்டியிருந்தது. அவர் காகிதங்களைப் பார்த்து முடித்துக் கிளம்பும்போது பிற்பகல் ஆகிவிட்டது. காரில் முன்சீட்டில் என்னை உட்காரச் சொன்னார். வழியெல்லாம் நல்ல கேள்விகளாகக் கேட்டார். எந்தக் கிராமத்தில் எத்தனை கிணறு வற்றியிருக்கிறது, மாட்டை விற்கிறார்களா, தாலியை விற்கிறார்களா என்று விசாரித்தார். விஷயம் தெரிந்தவர், இரக்கம் இல்லாதவரும் அல்ல. என் மனம் குளிர்ந்துபோயிருந்தது.

மேட்டைத் தாண்டியதும் ரோடு தெரிந்தது. நான் பார்த்ததை என்னாலேயே நம்ப முடியவில்லை. வழக்கமாகச் செம்மண் நிறத்தில் அசைந்துகொண்டிருக்கும் கூட்டம் அன்று வெள்ளை வெளேர் என்று நின்றது. ஆண்கள் எல்லாம் சலவை வேட்டி, தலையில் முண்டாசு, மழித்த முகம். பெண்கள் தலையில் எண்ணெய் மின்னியது. சிலர் எங்கிருந்தோ கனகாம்பரம் பறித்து வைத்திருந்தார்கள். பிள்ளைகளைக் குளிப்பாட்டி வகிடெடுத்துச் சீவி வரிசையாக நிறுத்தியிருந்தார்கள். ரோசம்மா மிளகாய்ப்பழச் சிவப்பில் கல்யாணப் புடவை கட்டிக்கொண்டு கடப்பாரையோடு நின்றாள். 

அதிகாரி காரை விட்டு இறங்கி, வரிசையை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரைக்கும் பார்த்தார்.

"ஓவர்சீயர், இவங்கதான் பட்டினி கெடக்கறவங்களா?"

"ஆமாம் சார். இன்னிக்கு நீங்க வர்றீங்கன்னு..."

அவர் கேட்டுக்கொள்ளவில்லை. நேராக ரோசம்மாவிடம் போனார்.

"ஏம்மா, வீட்ல அடுப்பு எரியுதா? சாப்பாட்டுக்குக் கஷ்டமா?"

ரோசம்மா கடப்பாரையைக் கீழே வைத்துவிட்டுக் கைகூப்பினாள். "கொறை ஒன்னும் இல்ல தொரை. உங்க புண்ணியத்துல நல்லா இருக்கோம்."

எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. அடுத்தவனைக் கேட்டார். அவனும் நல்லா இருக்கோம் என்றான். வரிசை முழுக்க நல்லா இருந்தது. அந்த வாரம் பிள்ளையைப் புதைத்துவிட்டு வந்த ஒருத்தி இருந்தாள்; அவளும் நல்லா இருந்தாள்.

"சார், இவங்க கையை ஒரு தடவை பாருங்க. ஏசுரத்தினம், கையைக் காட்டுப்பா" என்றேன்.

ஏசுரத்தினம் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு தலை குனிந்து நின்றான். காட்ட மாட்டேன் என்று தலையை ஆட்டினான். அவன் மட்டுமில்லை, ஷாப்பு ஆட்கள் அத்தனை பேரும் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டுதான் நின்றார்கள்.

"எதுக்கய்யா அவனை மிரட்டறீர்? மரியாதையாத்தானே நிக்கிறான்" என்றார் அதிகாரி.

"சார், பெரியவங்க வர்றாங்கன்னு குளிச்சிட்டு இருக்கறதைக் கட்டிக்கிட்டு வந்திருக்காங்க. வீட்ல ஒரு பருக்கை கிடையாது."

"இருக்கட்டும். பருக்கை இல்லாத வீட்டுல தலைக்கு எண்ணெய் எப்படி வந்தது? பஞ்சத்துல முதல்ல போறது எண்ணெய்தான், தெரியுமில்ல?"

அவர் சொன்னது சரி. நானும் அதைப் புத்தகத்தில் படித்திருக்கிறேன். ஆனால் காற்று எங்கள் பக்கம் திரும்பியபோது எனக்கு அந்த எண்ணெய் என்ன என்று புரிந்துவிட்டது. அது புங்கெண்ணெய். பதனிட்ட தோலுக்குப் பூசுகிற எண்ணெய். மூடிக்கிடந்த ஷாப்பின் ஜாடி அடியில் கிடந்ததை வழித்து வந்து தங்கள் தலையிலும் பிள்ளைகள் தலையிலும் தேய்த்திருந்தார்கள். அந்தக் கசப்பு நெடி என் மூக்கில் ஏறியது. அதிகாரி வாசனை போட்ட கைக்குட்டையை மூக்கில் வைத்திருந்தார்.

"சார், அது தோலுக்குப் போடற எண்ணெய். கிட்டப் போய் மோந்து பாருங்க, தெரியும்" என்றேன்.

என்னை ஏற இறங்கப் பார்த்தார். ஒரு டெபுடி கலெக்டரைக் கூலிக்காரியின் தலையை மோந்து பார்க்கச் சொன்ன சப் ஓவர்சீயர் அதற்கு முன்னும் பின்னும் இருந்திருக்க மாட்டான்.

"நான் கண்ணால பாக்கறதைத்தான் எழுத முடியும், மிஸ்டர்" என்று சொல்லிவிட்டு நகர்ந்தார். மண் அளவை மட்டும் பார்த்தார். அன்றைக்கு டாஸ்க் பாதிகூட முடியவில்லை. அதையும் குறித்துக்கொண்டு காரில் ஏறினார்.

5. துரைத் துணி

கார் போனதும் நான் கத்தினேன். வாயில் வந்ததையெல்லாம் சொன்னேன். எல்லோரும் திகைத்துப்போய் நின்றார்கள். பிறகு ஏசுரத்தினம்தான் மெதுவாக விவரம் சொன்னான்.

ஷாப்பில் தோல் வாங்குகிற சீமைக் கம்பெனியின் ஏஜெண்டு துரை அவ்வப்போது மெட்ராஸிலிருந்து வருவாராம். அன்றைக்குக் குளிக்காமல் வருகிறவனை முதலாளி கேட்டுக்குள்ளேயே விடமாட்டார். வாடை துரையின் மூக்கில் ஏறினால் சரக்குக்கு விலை குறையும் என்பார். அதற்கென்று ஒவ்வொரு வீட்டிலும் ஒரு செட் துணியை வெளுத்து, பானைக்குள் மூடி வைத்திருப்பார்கள். அதற்குப் பெயரே துரைத் துணி. எத்தனை கஷ்டம் வந்தாலும் அதை விற்கவோ வேறு நாளில் கட்டவோ மாட்டார்கள். சுண்ணாம்பு தின்ற கையைத் துரை பார்க்கக் கூடாது. பின்னால் கட்டிக்கொள்ள வேண்டும். எப்படி இருக்கிறாய் என்று துரை கேட்டால் நல்லா இருக்கேன் என்பதுதான் பதில். வேறு ஏதாவது சொன்னவனுக்கு மறுநாள் வேலை கிடையாது.

"பெரிய தொரை வர்றாருன்னாங்க. இந்த வேலைய வுட்டா நமக்கு நாதி இல்லன்னு எல்லாரும் விடிகாலயிலயே ஆத்துக்குப் போய்ட்டோம் ஐயா. ஊத்து தோண்டித் தோண்டி மொண்டு குளிச்சோம். தண்ணி ரொம்ப ஆழத்துல கெடக்குது. அதுக்கே பொழுது ஏறிடிச்சு."

டாஸ்க் ஏன் பாதியில் நின்றது என்று அப்போது புரிந்தது. வேலையைக் காப்பாற்றிக்கொள்ள, ரோட்டில் வெட்ட வேண்டியதைவிட அதிகமாக ஆற்றில் வெட்டியிருக்கிறார்கள், பட்டினி வயிற்றோடு. நான் அந்தப் பாதி வெட்டிய பள்ளத்தின் கரையில் உட்கார்ந்துவிட்டேன். எனக்கு அழுகை வந்தது. அழுதேன், மறைக்க என்ன இருக்கிறது.

அன்றே ஒரு விளக்கம் எழுதி எடுத்துக்கொண்டு போனேன். அசிஸ்டெண்ட் இன்ஜினீயர் படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். "தம்பி, நீ சொல்றது நெஜம்தான். ஆனா இதை மேலே அனுப்பினா என்ன நினைப்பாங்க தெரியுமா? ஓவர்சீயருக்கு வேலை ஓடணும், அதுல ஏதோ வரும்படி இருக்குன்னு நினைப்பாங்க" என்றார். நான் கேட்கவில்லை, அனுப்பினேன். அவர் சொன்னபடியேதான் நினைத்தார்கள்.

6. நாற்றம் போகவில்லை போல

வேலையை மூடச் சொல்லி உத்தரவு வந்தது. உண்மையான கஷ்டம் எதுவும் காணப்படவில்லை, வந்தவர்கள் வசதியாகவே இருக்கிறார்கள், கேட்டபோது அவர்களே குறையில்லை என்று சொன்னார்கள், டாஸ்க்கும் குறைவு என்று இருந்தது. ஒரு வார்த்தை பொய் இல்லை. அதை நான்தான் நின்று படிக்க வேண்டும். படித்துத் தமிழில் சொன்னேன்.

யாரும் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் எனக்குத் தேவலையாக இருந்திருக்கும். ரோசம்மா முன்னால் வந்தாள்.

"நாங்க இன்னா மரியாதக் கொறவா நடந்துக்கிட்டோம் ஐயா?"

"அப்படி ஒன்னும் இல்லம்மா."

"பின்ன இன்னாத்துக்கு நிறுத்தறாங்க?"

பின்னாலிருந்து ஒரு பெண் சொன்னாள்: "எவ்ளோ தேச்சிக் குளிச்சும் நாத்தம் போவல போலக்குது. அந்தத் தொரை மூக்க மூடிக்கினாரே, நா பாத்தேன்."

எல்லோரும் அதை ஒப்புக்கொண்டார்கள். அதுதான் காரணம் என்று அவர்களுக்குள் முடிவாகிவிட்டது. ஒருத்தி தன் முந்தானையை மோந்து பார்த்தாள். நான், இல்லை, நீங்கள் சுத்தமாக வந்ததால்தான் வேலை போயிற்று, அழுக்கோடு வந்திருந்தால் வேலை நிலைத்திருக்கும் என்று சொன்னேன். திரும்பத் திரும்பச் சொன்னேன். ஏசுரத்தினம் என்னைப் பரிதாபமாகப் பார்த்தான்.

"அது எப்புடி ஐயா? சுத்தமா வந்தவனுக்குச் சோறு இல்லன்னு எந்த சர்க்காராவது சொல்லுமா? நாங்க மனசு நோவக் கூடாதுன்னு சொல்றீங்க."

அவர்களுக்கு சர்க்கார் மேல் அத்தனை நம்பிக்கை. 

7. பாஸான வேலை

இன்னொரு விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நெஞ்சு ஆறாது. என் வேலை மூடியதும் என்னை ஆலங்காயத்துக்கு அந்தப் பக்கம் நடந்துகொண்டிருந்த வேறொரு டெஸ்ட் ஒர்க்குக்கு அளவெடுக்க அனுப்பினார்கள். அதை நடத்தியவர் ஒரு காண்ட்ராக்டர். அதே அதிகாரி அதே வாரத்தில் பார்வையிட்டு, கஷ்டம் கடுமை, வேலையை விரிவாக்கலாம் என்று எழுதியிருந்தார். போய்ப் பார்த்தேன். மஸ்டர் ரோல் கண்ணாடி மாதிரி இருந்தது. வேலை செய்கிறவர்கள் உரம் பாய்ந்த ஆட்கள்.

காண்ட்ராக்டர் நல்ல குஷியில் இருந்தார். என்னை உட்காரவைத்து மோர் கொடுத்தார்.

"ஆபீசர் வந்த அன்னிக்கு இவங்கள எல்லாம் வூட்டுக்கு அனுப்பிட்டேன் சார். திருப்பத்தூர் சந்தையில பிச்சை எடுக்கறதுங்க நெறைய கெடக்குது இல்ல, ரெண்டு வண்டி புடிச்சி அதுங்கள ஏத்தியாந்து கூடையக் கையில குடுத்து நிக்க வெச்சேன். ஆபீசருக்குக் கண்ணு கலங்கிடிச்சு. தங்கமான மனுசன்."

என்னிடம் இதையெல்லாம் ஏன் சொன்னார் என்றால், நானும் அந்தத் தொழிலில் இருப்பவன், ரசிப்பேன் என்று நினைத்திருக்கிறார். நான் மோரைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வந்தேன். அந்தப் பிச்சைக்காரர்களும் பசித்தவர்கள்தான். அவர்களுக்கு அந்த ஒரு நாள் கூலியாவது கிடைத்ததா என்று கேட்டிருக்கலாம். கோபத்தில் தோன்றவில்லை.

8. ஆம்பூர் ஸ்டேஷன்

திரும்பி வருகிற வழியில் ஆம்பூர் ஸ்டேஷனில் இறங்கினேன். எதிர்ப்பக்கப் பிளாட்பாரத்தில் கங்காணி ஆட்களை எண்ணிக்கொண்டிருந்தான். அந்த ரோட்டில் பார்த்த முகங்கள் பல. ரோசம்மாவும் ஏசுரத்தினமும் இரண்டு பிள்ளைகளும் ஒரு மூட்டைமேல் உட்கார்ந்திருந்தார்கள். ரோசம்மா அந்தச் சிவப்புப் புடவையில் இருந்தாள். பிள்ளைகள் தலையில் எண்ணெய். நான் பாலத்தின் மேல் ஏறி அந்தப் பக்கம் போனேன்.

"அங்கதான் போறியாம்மா நீயும்?" என்றேன். 

"ஷாப்பு தொறக்கல ஐயா. இந்தப் புள்ளைங்க வாயப் பாத்துக்கினு எத்தினி நாள் இருக்கறது?" என்றாள். ஏசுரத்தினம் எழுந்து நின்றான். கையைப் பின்னால் கட்டிக்கொண்டான், என்னிடமும்.

ரயில் வருகிற சத்தம் கேட்டது. ரோசம்மா சின்னப் பிள்ளையை இடுப்பில் தூக்கிக்கொண்டு என்னிடம் நெருங்கி வந்தாள். முதல் நாளிலிருந்து ஓரடி தள்ளியே நின்று பேசியவள், அன்றுதான் பக்கத்தில் வந்தாள்.

"தோட்டத்துலயும் தொரை வந்து ஆள் பாப்பாராமே. காத்தாலயிருந்து தேச்சித் தேச்சிக் குளிச்சோம். நீங்க படிச்சவரு, மெய்ய சொல்லுங்க ஐயா. இப்போ வாசன வருதா?"

புங்கெண்ணெயும் தோலும் கலந்த வாடை பிள்ளையின் தலையிலிருந்து வீசியது.

"வரலம்மா. ஒன்னுமே வரல" என்றேன்.

அவள் முகம் தெளிந்தது. "பாத்தியா, நா சொல்லல?" என்று புருஷனிடம் சொல்லிவிட்டு ரயிலில் ஏறினாள்.

அதற்குப் பிறகு சர்வீஸில் எத்தனையோ வேலைகளைப் பார்வையிட நானே போயிருக்கிறேன். முன்னறிவிப்பு கொடுத்துப் போனதில்லை. ஆட்களை வரிசையில் நிறுத்திக் கேள்வி கேட்டதில்லை. அவர்கள் வேலைக்குப் போயிருக்கிற நேரத்தில் வீட்டுக்குப் போய் அடுப்புச் சாம்பலில் கைவைத்துப் பார்ப்பேன். சட்டத்தில் அதற்கு இடமில்லை என்று மேலிருந்து இரண்டு முறை கண்டித்தார்கள். புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: உங்களிடம் நல்லா இருக்கேன் என்று சொல்கிறவனை நம்பிவிடாதீர்கள், அந்தப் பதிலை அவனுக்கு யார் கற்றுக்கொடுத்தது என்று பாருங்கள்.

அந்த அதிகாரி அரசாங்கத்துக்கு வீண்செலவு மிச்சம் பிடித்ததற்காகப் பாராட்டுப் பெற்று மேலே போனார். கடைசிவரைக்கும் ஒரு பைசா கைநீட்டி வாங்காத மனிதர். அவர் திருடனாக இருந்திருந்தால் திட்டிவிட்டு மறந்திருப்பேன். மறுவருஷம் சீமையில் தோலுக்கு விலை ஏறியது, ஷாப்பும் திறந்தது. சுண்ணாம்புக் குழியில் வேறு ஆள் இறங்கினான். ரோசம்மா வீட்டைப் பற்றி மலைப்பக்கமிருந்து வந்தவர்களையெல்லாம் விசாரித்தேன். யாரும் பார்த்ததாகச் சொல்லவில்லை.